பெற்றுக்கொண்டேன்

அந்த மாட்டின் இடது காதில்
மஞ்சள் வில்லையை அடித்தவன் நான்.
இடுக்கி ஒருமுறை சொடுக்கியது. ஒரு சொட்டு ரத்தம்.
தலையை உதறி அதை என் சட்டையில்
துடைத்துக்கொண்டது மாடு.

இப்போது கண்டனூர்ச் சாலையில்
சொர்ணலிங்கத்தின் தகரக் கொட்டகைக்கு முன்
அதே எண்ணைப் படிக்கச் சொல்கிறார்கள்.
பன்னிரண்டு இலக்கம். நடுவில் சாணி.
கட்டைவிரலால் தேய்த்துப் படிக்கிறேன்.

சொர்ணலிங்கம் இல்லை.
சித்திரையில் திருப்பூர் என்றார்கள், ஆடியில் ஓசூர்.
போனில் ஒரு பெண்குரல் கன்னடம் பேசுகிறது.
மனைவி மீனாள் வெளியே வந்து
எல்லாருக்கும் பொதுவாக ஒரு சொம்பு தண்ணீர் வைத்துவிட்டு
உள்ளே போய்விட்டாள்.

ஒரு மாட்டுக்கு மூன்று பேர்.

வங்கி முதலில். ஹெப்சிபா மேடம் சொல்வதை
எனக்குப் புரிந்தவரை சொல்கிறேன்:
ஹைப்பாத்திகேஷன் என்றால்
மாடு அவன் கொட்டகையில் நிற்கும்,
உரிமை காரைக்குடிக் கிளையின்
இரும்பு அலமாரியில் நிற்கும்.

அடுத்தது புதுவயல் நாகூர்கனி.
ஏழு மாசத் தவிடு பாக்கி.
"அந்தப் பளபளப்புல பாதி என் மூட்டை சார்."
பாதியை எப்படிப் பிரித்தெடுப்பது என்று யாரும் கேட்கவில்லை.

பிறகு அடைக்கி. விற்றவள்.
நெற்குப்பையிலிருந்து இரண்டு பஸ் மாறி வந்திருக்கிறாள்.
சினைமாடு, அறுபத்திரண்டாயிரம் பேச்சு.
கைக்கு வந்தது நாற்பத்து நாலு.
மிச்சம் பொங்கலுக்குள்ள அக்கா என்றான்.
எந்தப் பொங்கல் என்று சொல்லவில்லை.

"பாக்கி தீராம கயிறு மாத்தமாட்டேன்னேன்.
நைலான் கயித்துலதான் ஓட்டிட்டுப் போனான்.
என் கயிறு என்கிட்டதான் இருக்கு."
மஞ்சப்பையிலிருந்து எடுத்துக் காட்டினாள்.
செவலை மயிர் இரண்டு அதில் ஒட்டியிருந்தது.

மேடம் கயிற்றை மரியாதையாகத்தான் பார்த்தார்.
நாசரேத்துக்காரர், அவர் வீட்டிலும் மாடு உண்டாம்.
பிறகு கோப்பில் பதினோராம் பக்கத்தைத் திருப்பினார்.
'முழுத்தொகையும் ரொக்கமாகப் பெற்றுக்கொண்டேன்.'
கீழே ஊதா ரேகை.
அதற்கும் கீழே, சாட்சி: நான்.

அன்று ஐப்பசி அடைமழை. ஒன்பது மாடு பாக்கியிருந்தது.
கடன் வர இது வேணும்க்கா என்றான் சொர்ணலிங்கம்.
மைப்பெட்டியை நீட்டியது நான்.
வாசித்துக் காட்டவில்லை.
வாசித்திருந்தாலும் வைத்திருப்பாள் என்று
இதுவரை எனக்கே சொல்லி வருகிறேன்.

அடைக்கி தாளைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள்.
"நீ இருந்தேல்ல தம்பி?"

இருந்தேன்.

"அன்னைக்குப் பேசாம நின்ன. இன்னைக்குப் பேசு."

பேசினேன். எழுதியும் தருகிறேன் என்றேன்.
மேடம் தணிந்த குரலில் சொன்னார்:
"எழுதுங்க சார். அது உங்க வேலைக்குத்தான் ஆகும், மாட்டுக்கு ஆகாது.
மாடு கைமாறினப்பவே அவங்க உரிமை பணத்து மேல போயிடுச்சு.
பணம் சொர்ணலிங்கத்துகிட்ட."
சொர்ணலிங்கம்?
கன்னடக் குரல்தான் பதில்.

வேனில் ஏற மறுத்தது மாடு.
இரண்டு பேர் வாலை முறுக்கினார்கள்.
"காலை ஒடிச்சிராதீங்கடா" என்று அடைக்கி போனாள்.
'ந்தா' என்றாள். ஏறிவிட்டது.
வங்கிக்காக மாடு ஏற்றிக் கொடுத்தவள் அவளேதான்.

பின்னால் ஓடியது நாலு மாதக் கிடாரிக் கன்று.
காதில் ஒன்றும் இல்லை.
'மற்றும் அதன் ஈற்றுகளும்' என்று கோப்பில் ஒரு வரி உண்டு.
நான் பார்த்தேன். மேடமும் பார்த்தார்.
டிரைவருக்கு நேரமாச்சு என்று கோப்பை மூடினார்.
நாகூர்கனி "கன்னு" என்று ஆரம்பித்து
சொம்புத் தண்ணீரைக் குடித்தார்.
மீனாள் வந்து கன்றைப் பிடித்து
அடைக்கி பக்கம் தள்ளிவிட்டாள். ஒரு சொல் பேசவில்லை.

கன்றுக்கு அந்தக் கயிறு பெரிது.
இரண்டு சுற்றுச் சுற்றி முடிந்தபடி கணக்குச் சொன்னாள்:
"கன்னு எட்டாயிரம் பெறும். மிச்சம் பத்து.
பத்துக்கு யாரு காதுல வில்லை அடிப்ப தம்பி?"

லோடு ஆட்டோ ஆயிரத்து இருநூறு கேட்டான்.
நான் கொடுத்தேன்.
வேண்டாம் என்று அவள் சொல்லவில்லை.
பெற்றுக்கொண்டேன் என்றும் சொல்லவில்லை.